அவுட் பெட்டி

முட்டம் துறைமுகத்துக்குப் பின்பக்கம் ஒரு மீன் கம்பெனியின் யார்டு உண்டு. வள்ளக்காரர்கள் கொண்டுவந்து இறக்குகிற பெட்டிகளைச் சூப்பர்வைசர் நேசமணி திறந்து பார்ப்பார். செவுளைத் தூக்கிப் பார்ப்பார், வயிற்றை விரலால் அமுக்கிப் பார்ப்பார். மீன் நல்லதென்றால் பெட்டியின் பக்கவாட்டில் சாக்பீஸால் 'இன்' என்று இங்கிலீஷில் எழுதுவார். அது ஐஸ் அறைக்குப் போகும். பதம் கெட்டதென்றால் 'அவுட்' என்று எழுதுவார். அது கோழித்தீனி மில்லுக்குப் போகிற லாரியில் ஏறும். எழுதியதை வாசித்து, பெட்டியைத் தலையில் ஏற்றி, அது எங்கே சேர வேண்டுமோ அங்கே கொண்டு இறக்குவது ததேயுஸின் வேலை.

வள்ளக்காரனுக்கு அவுட் என்பது வெறும் நஷ்டமில்லை, மானக்கேடு. 'ஐஸ் போடத் தெரியாதவன், கள்ளச்சரக்கு கொண்டு வாறவன்' என்று பேராகிவிடும். இது ததேயுஸுக்கு நன்றாகவே தெரியும். தெரிந்துதான் அன்று காலையில், அத்தனை பேர் காதிலும் விழும்படி, தன் சம்பந்தி யேசுதாசனிடம் அந்த வார்த்தையைச் சொன்னார்.

"உங்களுக்க மொவன் எனக்க வீட்டுக்கு அவுட் பெட்டி குடுத்து விட்டிருக்கான்."

யேசுதாசன் அப்போதுதான் வள்ளத்திலிருந்து விளமீன் பெட்டிகளை இறக்கிவிட்டு, ஈரத் துண்டைப் பிழிந்துகொண்டிருந்தார். பிழிந்த கை நின்றது.

"எந்தப் பெட்டி வே?"

"லிஜின் அஜிதாவுக்குக் குடுத்துவிட்ட பெட்டி. கேம் விளையாடுறத படம் பிடிக்கிற பெட்டியாம். செஞ்ச கம்பெனிக்காரனே அதுல அவுட்டுன்னு எழுதி விட்டிருக்கான். கழிச்சுப் போட்டத பொறுக்கி, பெண்ணெடுத்த வீட்டுக்குத் தள்ளி விட்டிருக்கான்."

கூடச் சுமக்கிற முத்துக்கனிக்கு இந்த மாதிரிப் பேச்சென்றால் கருப்பட்டி. "அண்ணே, கோழித்தீனி லாரி நிக்குது. ஏத்தி விட்டுருவமா?" என்றான். யார்டு சிரித்தது.

யேசுதாசன் சிரிக்கவில்லை. "நேசமணி சாரே, எனக்க வள்ளத்துல இருந்து இறங்கின பெட்டியில ஒண்ணாவது அவுட் விழுந்தது உண்டா? நீரே சொல்லும்."

"இல்ல. அது உள்ளதச் சொல்லணும்," என்றார் நேசமணி.

"பின்ன எனக்க மொவன் மட்டும் அவுட் சரக்கு எடுப்பானா?"

"எழுத்து இருக்கே சம்பந்தி," என்றார் ததேயுஸ். "எழுத்து. நானே வாசிச்சேன்."

நானே வாசிச்சேன் என்று சொன்னபோது அவருடைய நெஞ்சு கொஞ்சம் விரிந்தது. அதற்கு ஒரு காரணம் உண்டு.

கோயிலும் பள்ளிக்கூடமும் ஒரே மதிலுக்குள் இருக்கிற ஊர் கடியப்பட்டணம். கோயில் மணி கேட்கிற தூரத்தில் பிறந்த எவனும் நாலு எழுத்து படிக்காமல் இருந்ததில்லை. ததேயுஸ் இருந்தார். அப்பன் கடலோடு போன பிறகு சின்ன வயதிலேயே சுமக்கப் போனவர். கோயிலில் கல்யாண ஓலை எழுதும்போது மாப்பிள்ளை கைநாட்டு வைத்ததைப் பார்த்து, மணப்பெண் வேளாங்கண்ணி தலையைக் குனிந்துகொண்டாள். வெட்கத்தில் குனிந்தாள் என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள். மூத்தவள் ரெஜிஷா பிறந்த பிறகு அறிவொளி வகுப்பு வந்தது. சுமந்து வீங்கின கழுத்தோடு போய், பெட்டி தூக்கின விரலால் பலகையில் 'அ' போட்டுப் பழகினார். விரல் மடங்காது. வகுப்பெடுத்த பெண் பிள்ளை, "அண்ணே, பென்சில் மீனில்ல, நழுவாது, மெள்ளப் பிடியுங்க" என்பாள். தமிழ் அப்படி வந்தது. இங்கிலீஷ் எழுத்துகள் யார்டுப் பெட்டிகளிலிருந்து வந்தன. ஐ, என் சேர்ந்தால் இன். ஓ, யூ, டி சேர்ந்தால் அவுட்.

அதற்குப் பிறகு கண்ணில் படுகிற எதையும் வாசிக்காமல் விடமாட்டார். பஸ் போர்டு, மாத்திரை அட்டை, சிமெண்டுச் சாக்கு, எல்லாம். எழுத்து பொய் சொல்லாது என்று அவருக்கு ஒரு நம்பிக்கை. வாயால் பேசுகிறவன் ஆயிரம் பொய் சொல்வான். மெனக்கெட்டு எழுதுகிறவன் எதற்காகப் பொய் எழுதப் போகிறான்?

ரெஜிஷாவைக் குறும்பனையில் யேசுதாசனின் மகன் லிஜினுக்குக் கட்டிக் கொடுத்திருந்தது. லிஜினுக்குச் சார்ஜாவில் வேலை. கல்யாண லீவு முடிந்து போகும்போது, தான் கொண்டுவந்த கேம் மெசினை இளைய மச்சினி அஜிதாவிடமே விட்டுவிட்டுப் போனான். அஜிதா நாகர்கோவிலில் ஹாஸ்டலில் தங்கிக் காலேஜ் படிக்கிறாள். பந்தாட்டப் பைத்தியம். சனி ஞாயிறு வீட்டுக்கு வந்தால் அந்த மெசினில் ஃபுட்பால் ஆடுவாள். ஆடிக்கொண்டே கடப்புறத்து மீனவர் பேச்சில் கமெண்ட்ரி சொல்லி, அதைப் படம் பிடித்து யூடியூபில் போடுவாள். லிஜின் தங்கியிருந்த கேம்பில் நம்மூர்ப் பிள்ளைகள் எல்லோரும் அதைப் பார்ப்பார்களாம். படம் பிடிக்க வசதி என்ன இருந்தது? அரிசி டின்மேல் போனைச் சாய்த்து டிவியைப் பார்த்து வைப்பாள். டிவியும் தெரியும், ஜன்னல் வெளிச்சமும் தெரியும், நடுவில் வேளாங்கண்ணி, "ஏட்டி, புளி கரச்சியா?" என்று கேட்பதும் விழும்.

அதைப் பார்த்துச் சிரித்துத்தான் லிஜின், "இனி போன வச்சுப் பிடிக்காண்டாம். கேப்சர் பெட்டி ஒண்ணு குடுத்து விடுதேன். மெசினுக்கும் டிவிக்கும் நடுவுல மாட்டினா போதும், படம் நேரா லேப்டாப்புல பதிஞ்சிரும்" என்று சொல்லி, லீவில் வந்த கூட்டாளி கையில் கொடுத்தனுப்பினான்.

பெட்டி வந்த அன்று அஜிதா ஹாஸ்டலில் இருந்தாள். போனில் சொன்னாள்: "அப்பா, நீங்க தொடாண்டாம், கேட்டியளா. நான் சனிக்கிழமை வந்து மாட்டுதேன்."

அந்த 'தொடாண்டாம்' ததேயுஸுக்குக் கொஞ்சம் உறுத்தியது. ஏற்கெனவே ஓர் உறுத்தல் உள்ளே கிடந்தது. லிஜின் ஊருக்குப் போகிற அன்று அந்த கேம் மெசினைக் கையில் எடுத்துப் பார்த்து, அதிலிருந்த எழுத்தை "ஓ... என்..." என்று கூட்டிக்கொண்டிருந்தார். லிஜின், "ஆன், மாமா" என்று முடித்து வைத்தான். கேலியாகச் சொல்லவில்லை. உதவியாகத்தான் சொன்னான். ஆனாலும் அது தொண்டையில் மாட்டின சாளை முள்ளாய் நின்றுவிட்டது. விழுங்கவும் முடியவில்லை, துப்பவும் முடியவில்லை.

அதனால் பெட்டியைப் பிரித்தார். சோப்புப் பெட்டி அளவில் கறுப்பாக ஒன்று. ஒரு பக்கத்தில் ஒரே மாதிரி இரண்டு ஓட்டை. ஒன்றின்மேல் 'இன்'. மற்றதன்மேல் 'அவுட்'.

சூப்பர்வைசர் எழுதின மாதிரியே தெளிவாக இருந்தது.

"ஏ வேளாங்கண்ணி, இஞ்ச பாரு. ஒரு ஓட்ட நல்லது, ஒரு ஓட்ட கெட்டது. எழுதியே விட்டிருக்கானுவ."

"பொண்ணு தொடாண்டாம்னு சொன்னா இல்லியா?"

"தொடல்ல. வாசிக்கத்தான் செய்யுதேன்."

வாசித்ததோடு நிறுத்தியிருக்கலாம். கெட்டதை விட்டுவிட்டு, டிவியின் தட்டை மூக்கு ஒயரை எடுத்து நல்ல ஓட்டையில் குத்தி, டிவியைப் போட்டுப் பார்த்தார். திரை கறுப்பாக இருந்தது. மூலையில் இரண்டு வார்த்தை வந்தது. முதல் வார்த்தை 'நோ'. அது அவருக்குத் தெரியும். இரண்டாவது வார்த்தையைக் கூட்ட வேண்டிய தேவையே இல்லாமல் போனது. பெட்டி அவுட் என்கிறது, டிவி நோ என்கிறது. இதற்கு மேல் என்ன சாட்சி வேண்டும்?

மறுநாள் காலையில்தான் யார்டில் அந்தப் பேச்சு.

யேசுதாசன் கடைசியாகச் சொன்னது இதுதான்: "சனிக்கிழமை உம்ம பொண்ணு வருவா இல்லியா? நானும் வாறேன். எனக்க கண்ணு முன்னால மாட்டட்டும். படம் வரல்லன்னா அந்தப் பெட்டிய நானே தலையில வச்சு இந்த யார்டு வழியா கொண்டுபோவேன். வந்தா..."

வந்தால் என்ன என்று அவர் சொல்லவில்லை. துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு போய்விட்டார்.

அன்று சாயந்திரமே ரெஜிஷா குறும்பனையிலிருந்து போன் செய்தாள். அழுதுகொண்டிருந்தாள்.

"அப்பா, யார்டுல என்ன பறஞ்சீங்க?"

"உள்ளதத்தான் பறஞ்சேன் மக்கா."

"மாமி என்ட்ட நேரா பேசல்ல. நான் சட்டி கழுவி வச்சா, அத தூக்கிப் பாத்துட்டு, 'இது இன்னா அவுட்டா, உங்கப்பாட்ட கேட்டுச் சொல்லு'ன்னு கேக்குதாவ. சோறு வச்சா சோத்துக்கும் அதே கேள்வி. அவருக்குப் போன் போட்டேன். எல்லாம் கேட்டாரு. ஒண்ணும் பேசாம வச்சிட்டாரு."

ததேயுஸுக்கு உள்ளுக்குள், 'நான் சொன்னது சரியென்று சனிக்கிழமை தெரியத்தானே போகிறது, அப்போது அந்த மாமி வாயை மூடுவாள்' என்று ஒரு பிடிவாதம் கிடந்தது. மகளுடைய அழுகையைவிட அந்தப் பிடிவாதம்தான் அவருக்குப் பெரிதாகத் தெரிந்தது. இதை அவர் பிறகுதான் நினைத்துப் பார்த்தார்.

சனிக்கிழமை மத்தியானம் அஜிதா வந்தாள். பையை இறக்குவதற்குள் யேசுதாசனும் வந்துவிட்டார். வெள்ளை வேட்டி, இஸ்திரி போட்ட சட்டை; கோயிலுக்குப் போகிற கோலம். வேளாங்கண்ணி மரச்சீனிக்கிழங்கு அவித்து, சாளைக்கறி வைத்திருந்தாள்.

"வாருங்க அண்ணே, முதல்ல சாப்பிடுங்க."

"படம் வரட்டும் தங்கச்சி. பெறவு பாப்போம்."

பிளாஸ்டிக் நாற்காலியை இழுத்துப் போட்டு, டிவியைப் பார்த்து உட்கார்ந்தார். சம்பந்தி வீட்டில் தண்ணிகூடக் குடிக்காமல் ஒருவர் உட்கார்ந்திருந்தால் அதற்கு என்ன அர்த்தம் என்று வேளாங்கண்ணிக்குத் தெரியும். அவள் புருஷனை ஒரு பார்வை பார்த்துவிட்டு அடுக்களைக்குள் போய்விட்டாள்.

அஜிதா பெட்டியைக் கையில் எடுத்தாள். "எங்கப்பா எழுதியிருக்கு?"

ததேயுஸ் விரலால் காட்டினார். "இஞ்ச. ஓ, யூ, டி. அவுட்."

அவள் பார்த்தாள். நிமிர்ந்து அப்பாவைப் பார்த்தாள். பிறகு யேசுதாசனைப் பார்த்தாள். அவளுக்கு எல்லாம் விளங்கிவிட்டது. அவள் சிரித்திருந்தால் ததேயுஸ் தாங்கியிருப்பார். எதற்கெடுத்தாலும் சிரிக்கிற பிள்ளை. அன்று சிரிக்கவில்லை. குரலைத் தாழ்த்தி, வலிக்காமல் புண்ணுக்கு மருந்து போடுகிற மாதிரி சொன்னாள்.

"அப்பா, இது கெட்டதுன்னு இல்ல. மெசின்ல இருந்து படம் இந்த ஓட்ட வழியா உள்ள வரும். அது இன். பெறவு இந்த ஓட்ட வழியா டிவிக்கு வெளிய போகும். அது அவுட். வாற வழி, போற வழி. அவ்வளவுதான்."

நாற்காலி ஒரு தடவை கிறீச்சிட்டது. யேசுதாசன் காலை மாற்றிப் போட்டார்.

அஜிதா மெசினின் ஒயரை இன்னில் குத்தினாள்; டிவியின் ஒயரை அவுட்டில் குத்தினாள். மெசினைப் போட்டாள். டிவியில் பச்சைப் பசேலென்று பந்தாட்ட மைதானம் விரிந்தது.

ததேயுஸ் திரையைப் பார்க்காமல் அந்த ஓட்டையையே பார்த்துக்கொண்டிருந்தார். கெட்டது என்று அவர் தள்ளின ஓட்டை வழியாகத்தான் அத்தனை பச்சையும் வந்துகொண்டிருந்தது. காது மடல் சுட்டது.

"வந்துட்டே," என்றார் யேசுதாசன்.

"இல்ல மாமா," என்றாள் அஜிதா. "டிவியில பெட்டி இல்லாமலே வரும். லேப்டாப்புல வரணும். அதுக்குத்தானே இந்தப் பெட்டி." அரசாங்கம் கொடுத்த லேப்டாப்பைத் திறந்து, பெட்டியிலிருந்து வருகிற ஒயரை அதில் செருகினாள். திரையில் ஒரு கட்டம் விழுந்தது. கட்டத்துக்குள் கறுப்பு. பொறுத்துப் பார்த்தாள். கறுப்புதான்.

"வரல்லியா?" என்றார் யேசுதாசன்.

"வரல்ல."

ஒயரைக் கழற்றி வேறு ஓட்டையில் செருகினாள். கறுப்பு. லேப்டாப்பை அணைத்துப் போட்டாள். அது ஆமையாய் எழுந்து வந்து, பழைய கறுப்பையே காட்டியது. பெட்டியோடு வந்த ஒயரை மாற்றி, மெசினின் பழைய ஒயரைப் போட்டாள். டிவியில் இருந்த படம் போகவுமில்லை, லேப்டாப்பில் படம் வரவுமில்லை. படம் இங்கே தெரியாவிட்டாலும் பதிந்தாவது இருக்கிறதா பார்க்கலாம் என்று ரெக்கார்டு பட்டனை அழுத்திக் கொஞ்ச நேரம் ஓட விட்டாள். யேசுதாசனின் நெற்றியில் வேர்வை முத்தாக நின்றது. அவர் கர்ச்சீப்பை எடுத்து ஒற்றினார். மகனுடைய மானம் அந்தக் கறுப்புக் கட்டத்துக்குள் கிடந்தது.

அப்போதுதான் ததேயுஸுக்கு உயிர் வந்தது. அந்த ஓட்டை கெட்டதாக இல்லாமல் இருக்கலாம். பெட்டி கெட்டதாக இருக்கலாமே. வாசித்தது தப்பானாலும் சொன்னது சரியாகிவிடுமே. லேப்டாப்புக்குப் பக்கத்தில் குந்தியிருந்தவர், குனிந்து, உதட்டுக்குள்ளேயே முணுமுணுத்தார்.

காணாமல் போனதையெல்லாம் கண்டெடுத்துத் தருகிறவர் அந்தோனியார். ஆடு காணாமல் போனாலும், சாவி காணாமல் போனாலும், அவரிடம்தான் கேட்பது. அந்த அந்தோனியாரிடம் அன்று அவர் கேட்டது வேறு.

பக்கத்தில் மகள் உதட்டைக் கடித்துக்கொண்டு ஒயரைக் கழற்றி மாட்டிக்கொண்டிருந்தாள். கண் கலங்கியிருந்தது. அவள் வாரம் முழுக்கக் காத்திருந்த பெட்டி. அது ததேயுஸின் கண்ணில் படத்தான் செய்தது. பட்டும் அவர் முணுமுணுப்பை நிறுத்தவில்லை.

"அத்தானுக்குப் போடுதேன்," என்று அஜிதா போனை எடுத்தாள். நெட் வழியாகப் பேசுகிற போன். விட்டு விட்டுத்தான் கேட்டது. ஸ்பீக்கரில் போட்டாள்.

"மாமா உண்டுமா அங்க?" என்றது லிஜினின் குரல், முதல் வேலையாக.

"ரெண்டு பேரும் உண்டு அத்தான். உங்கப்பாவும் எங்கப்பாவும்."

லிஜின் நேராக விஷயத்துக்கு வந்தான்.

"டிவியில படம் வருதா?"

"வருது. லேப்டாப்புலதான் கறுப்பு."

"ஓ. அப்பம் பெட்டிக்குக் குழப்பம் ஒண்ணும் இல்ல. மெசின்ல ஒரு பூட்டு உண்டு. ஒருத்தனும் சினிமாப் படத்த காப்பி எடுக்கக் கூடாதுன்னு கம்பெனிக்காரனே பூட்டி வச்சிருப்பான். அந்தப் பூட்டு கெடக்குறவரை பெட்டி பிடிக்காது. செட்டிங்ஸ்ல போயி அந்த டிக்க எடுத்து விடு." பிறகு சொன்னான்: "நான் மொதல்லயே சொல்லி விட்டிருக்கணும். மறந்து போச்சு. எனக்க தப்பு. மாமா, கேக்குதா? எனக்க தப்புதான்."

ததேயுஸ் இருமினார்.

அஜிதா டிவியில் செட்டிங்ஸைத் திறந்தாள். வரிசையாக இங்கிலீஷ் எழுத்துகள் இறங்கின. அவள் நல்ல எண்ணத்தில்தான் கேட்டாள். அப்பாவின் முகம் போன போக்கைப் பார்த்து, அதைத் தூக்கி நிறுத்தத்தான் கேட்டாள்.

"அப்பா, எச்-சுல தொடங்குறது ஒண்ணு இருக்கும். எங்க இருக்கு, வாசிச்சுச் சொல்லுங்க."

மேலிருந்து நாலாவது வரியில் அது இருந்தது. அவருக்குத் தெரிந்தது. எச் என்ற எழுத்து, ஏணியில் ஒரே ஒரு படி மட்டும் மிச்சம் இருக்கிற மாதிரி, தெளிவாகத் தெரிந்தது.

"எனக்குக் கண்ணு தெரியல்ல மக்கா," என்றார்.

அறிவொளி வகுப்பிலிருந்து எழுந்து வந்த நாளுக்குப் பிறகு, ஓர் எழுத்தைப் பார்த்துத் தெரியாது என்று அவர் சொன்னது அன்றுதான்.

அஜிதா தானே அந்த டிக்கை எடுத்து விட்டாள். டிவி ஒரு தடவை இருண்டு, மறுபடி வெளுத்தது. லேப்டாப்பின் கறுப்புக் கட்டத்துக்குள், குட்டியாக, அதே பச்சை மைதானம் வந்து விழுந்தது.

யாரும் கத்தவில்லை. அஜிதா மட்டும், "வந்துட்டு அத்தான்" என்று போனில் சொன்னாள்.

யேசுதாசன் எழுந்து லேப்டாப்புக்குப் பக்கத்தில் போய்க் குனிந்து, நேசமணி செவுளைப் பார்க்கிற மாதிரி அந்தப் படத்தைப் பார்த்தார். பிறகு அடுக்களைப் பக்கம் திரும்பி, "தங்கச்சி, கிழங்கு ஆறிப் போச்சா?" என்று கேட்டார்.

சாப்பிட்டார். இரண்டாந்தடவை கறி வாங்கினார். கறி கொள்ளாம் என்றார். மழை, டீசல், குறும்பனைக் கோயில் திருவிழா எல்லாம் பேசினார். பெட்டியைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. 'வந்தா...' என்று யார்டில் பாதியில் நிறுத்தினதை அவர் முடிக்கவேயில்லை. கை கழுவிவிட்டுப் புறப்படும்போது, "ரெஜிஷாவுக்கு ஏதாவது குடுத்து விடணுமா?" என்று மட்டும் கேட்டார். வேளாங்கண்ணி ஒரு தூக்குச்சட்டியில் சாளைக்கறி ஊற்றிக் கொடுத்தாள்.

ததேயுஸ் ரோடுவரை கூடப் போனார். சொல்ல வேண்டிய வார்த்தை நெஞ்சுக்குள் ஐஸ் பெட்டி கனம் கனத்தது. பஸ் வந்தது. "பாத்துப் போங்க சம்பந்தி," என்றார். அதுதான் வாயில் வந்தது.

ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து வந்து, அஜிதா லேப்டாப்பில் முந்தின நாள் பதிந்ததை ஒவ்வொன்றாகப் போட்டுப் பார்த்துக்கொண்டிருந்தாள். வேளாங்கண்ணி தேங்காய் துருவிக்கொண்டிருந்தாள். ததேயுஸ் கழுத்துக்குத் தைலம் தேய்த்துக்கொண்டு சுவரில் சாய்ந்திருந்தார்.

ஒன்றில் படமே இல்லை. முழுக்கக் கறுப்பு. ஆனால் லேப்டாப்பின் மைக் திறந்துதான் இருந்திருக்கிறது. கறுப்புக்குள்ளிருந்து நாற்காலி கிறீச்சிடுகிற சத்தம் வந்தது. அஜிதா மூக்கை உறிஞ்சுகிற சத்தம். பிறகு, மைக்குக்கு ரொம்பப் பக்கத்தில், மூச்சோடு மூச்சாக ஒரு குரல்:

"அந்தோனியாரே, படம் வரப்பிடாது. வரப்பிடாது அந்தோனியாரே. மானத்தக் காப்பாத்தும். வரப்பிடாது."

துருவல் சத்தம் நின்றது. வேளாங்கண்ணி புருஷனைப் பார்த்தாள். கல்யாண ஓலையன்று குனிந்த அதே தலை, அதே மாதிரி குனிந்தது. இப்போது அது மணப்பெண்ணின் வெட்கமென்று நினைத்துக்கொள்ள அவருக்கு வழியில்லை.

அஜிதா அதை நிறுத்தினாள். திரும்பவில்லை. திரையைப் பார்த்தபடியே கேட்டாள்.

"அழிச்சிரட்டாப்பா?"

அவர் எழுந்து வெளியே போனார். வேலிப்பக்கம் நின்று கடலைப் பார்த்தார். பார்க்கிறதற்கு அங்கே ஒன்றுமில்லை. ஞாயிற்றுக்கிழமை, வள்ளங்கள் எல்லாம் கரையில் கவிழ்ந்து கிடந்தன. தன் மகள் ஆசைப்பட்டது அவளுக்குக் கிடைக்கக் கூடாது என்று கேட்ட அப்பன் இந்தக் கரையில் வேறு யாராவது உண்டா என்று யோசித்தார். யாருடைய முகமும் நினைவுக்கு வரவில்லை.

திங்கட்கிழமை யார்டில் சாளைப்பாடு. பெட்டிக்குமேல் பெட்டி வந்து இறங்கியது. யேசுதாசனும் வந்திருந்தார். கயிற்றைச் சுருட்டிக்கொண்டு ஓரமாக நின்றார். முத்துக்கனி விடுகிற ஆளா?

"ததேயுஸண்ணே, அந்த அவுட் பெட்டி என்னாச்சு? இன்னிக்கு லாரியில ஏத்துதமா, இல்ல, அவியளே தலையில தூக்கிட்டுப் போறாவளா?"

எல்லோரும் யேசுதாசனைப் பார்த்தார்கள். அவர் கேட்காதது மாதிரி முதுகைக் காட்டித் திரும்பி, இன்னொரு கயிற்றை எடுத்துச் சுருட்ட ஆரம்பித்தார். அது ததேயுஸுக்குத் திறந்துவிட்ட வழி. 'ரிப்பேர் ஆயிட்டு' என்று சொல்லிவிட்டு அந்த வழியாகப் போயிருக்கலாம். சொல்லியிருந்தாலும் யேசுதாசன் மறுத்திருக்க மாட்டார். அதுதான் ததேயுஸால் தாங்க முடியாமல் போனது.

தலையிலிருந்த பெட்டியை இறக்கி வைத்தார். சுமைத் துண்டை அவிழ்த்துக் கையில் பிடித்துக்கொண்டார்.

"பெட்டி நல்ல பெட்டி," என்றார். குரல் எழும்பவில்லை. இன்னொரு தடவை சொன்னார். "நல்ல பெட்டி. படம் வந்தது. அவுட்டுன்னா அதுல கெட்டதுன்னு அர்த்தமில்ல. படம் வெளிய போற வழியாம். எனக்கு எழுத்து தெரிஞ்சுது, அர்த்தம் தெரியல்ல. எனக்க மருமவன் நல்ல சரக்குத்தான் அனுப்பினான். நான்தான் இஞ்ச நின்னு அவனயும் அவனுக்க அப்பனயும் கேவலப்படுத்தினேன்."

ஐஸ் உடைக்கிற மெசின் மட்டும் ஓடிக்கொண்டிருந்தது.

"அப்பம் அவுட்டு யாருண்ணே?" என்றான் முத்துக்கனி.

"நான்தாம்டே."

அப்போது வெடித்த சிரிப்பு ஐஸ் மெசினையும் அமுக்கிவிட்டது. கடப்புறத்தில் ஒரு பட்டப்பேர் விழுந்தால் அது கல்லறைச் சிலுவைவரை கூட வரும் என்பது ததேயுஸுக்குத் தெரியும். விழட்டும் என்று நின்றார். நேசமணி சாக்பீஸை எடுத்துக்கொண்டு, "அப்பம் சட்டையில எழுதி விடட்டுமா?" என்று கிட்டே வந்தார்.

"எழுதாதியும் சாரே," என்றார் யேசுதாசன், திரும்பாமலே. "அவரு வாசிச்சிருவாரு."

மறுபடி சிரிப்பு. அதில் யேசுதாசனின் சிரிப்பும் இருந்தது. கயிற்றைப் போட்டுவிட்டு வந்து, இறக்கி வைத்திருந்த பெட்டியின் ஒரு பக்கத்தைப் பிடித்தார். "ம், பிடியும். மீன் இளகுது."

இருவருமாகத் தூக்கி ததேயுஸின் தலையில் ஏற்றினார்கள். ஏற்றிவிடும்போது யேசுதாசன் காதுக்குப் பக்கத்தில் சொன்னார்: "நேத்து வீட்டுல, 'சட்டி இன்னுதான், கறியும் இன்னுதான்'னு ரெஜிஷாட்ட சொல்லிட்டா அவ மாமி. இனி அந்தப் பேச்ச விடும்."

ததேயுஸ் தலையசைக்க முடியாது, சுமை இருந்தது. கண்ணை மட்டும் தாழ்த்தினார்.

ஐஸ் அறைக்கு நடக்கும்போது கழுத்து வலித்தது. வாசித்த தப்பை நாலு பேர் முன்னால் சொல்லியாயிற்று. அது ஒரு பட்டப்பேரோடு தீர்ந்தது. அந்தோனியாரிடம் கேட்ட தப்பு அப்படியே இருந்தது. அதை யாரிடம் இறக்கி வைப்பது? அஜிதா அதை அழித்தாளா என்று அவருக்குத் தெரியாது. கேட்கவும் வாய் வரவில்லை. அன்று காலை ஹாஸ்டலுக்குப் புறப்படும்போது, எப்போதும்போல, "அப்பா, வாறேன்" என்று சொல்லிவிட்டுத்தான் போனாள். எப்போதும்போல முகத்தைப் பார்த்துச் சொன்னாளா என்று அவருக்குச் சொல்லத் தெரியவில்லை. அந்த நேரம் அவர்தான் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.